சிலேடை கூறும் வரலாறு

கங்கைகொண்ட சோழன் என்று புகழப்பெறும் முதலாம் இராசேந்திரனுக்குக் கடாரம் கொண்டான் என்னும் விருதுப்பெயரும் உண்டு. 1025ஆம் ஆண்டையொட்டி அவனுடைய கப்பற்படை கடல் கடந்து சென்று கடாரத்தை வென்ற செய்தியை அவனது மெய்க்கீர்த்தி விரித்துரைக்கின்றது. அக்கடாரம் இன்றைய கெடா மாநிலமே என்பது வரலாற்று அறிஞர் பலரின் துணிபு. இது தமிழாசிரியர் அனைவரும் அறிந்த செய்தியே.

ஆயினும், கடாரம் என்னும் சொல்லுக்குத் தமிழில் வேறொரு பொருளும் உண்டு. அகன்ற வாயையுடைய பெரிய கொப்பரையையும் கடாரம் என்பர். 'கொண்டான்' என்பதற்கும் வென்று கைக்கொண்டான் என்றும், விலைக்கு வாங்கினான் என்றும் இரு பொருள் கூறலாம். வரலாறு அறியாத சிறுவன் ஒருவனிடம் இவ்விருதைச் சொன்னால், சோழப் பேரரசன் சந்தைக்குப் போய்க் கொப்பரை வாங்கி வந்தான் என்று அவன் எண்ணிக்கொள்ளக்கூடும். அறிந்தவர் அதைக் கேட்டுச் சிரிப்பர். அச்சிரிப்புப் பிறப்பதற்கு இரண்டு வேண்டும். கடாரம் ஓர் ஊர் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். அது ஒரு பாத்திரம் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். இரண்டில் ஒன்று மறந்துபோனால் சிரிப்பும் போய்விடும்.

பழங்காலத்து நகைச்சுவையை ஆராய்வோர் மனத்திற்கொள்ள வேண்டிய அடிப்படை இதுவே. ஒரு சொல்லை வைத்து ஒருவர் சிரிக்க வைத்தார் என்றால், அன்று அவையில் இருந்தவர்கள் அச்சொல்லின் இரு பொருளையும் நன்கு அறிந்திருந்தார்கள் என்பது தேற்றம். எனவே பழைய சிலேடை ஒவ்வொன்றும், அது பிறந்த காலத்து மக்களின் நாவிலும் செவியிலும் எந்தச் சொல் எப்படி வழங்கிற்று என்பதற்கு ஒரு சான்றாக நிற்கின்றது. கல்வெட்டு அரசர்களின் செயலைக் கூறும். சிலேடை மக்களின் பேச்சைக் கூறும்.

இலக்கண நூலார் கண்ட நகை

எண்வகை மெய்ப்பாடுகளை வகுத்த தொல்காப்பியர் நகையையே முதற்கண் வைத்தார். அது பிறக்கும் இடங்களாக இளமையையும், இகழ்ச்சியையும், அறியாமையையும், மடமையையும் காட்டினார். இந்நான்கும் மனிதரின் இயல்பைப் பற்றியவை. சொல்லைப் பற்றியவை அல்ல. சொல்லாலே விளையும் நயத்தைப் பின்வந்த அணியிலக்கண நூலாரே விரிவாக ஆராய்ந்தனர். 12ஆம் நூற்றாண்டினதாகக் கருதப்பெறும் தண்டியலங்காரம் சிலேடையை ஓர் அணியாகக் கொண்டு, அதனைச் செம்மொழிச் சிலேடை, பிரிமொழிச் சிலேடை என இருவகைப்படுத்திற்று.

சொல்லைப் பிரிக்காமலே இரு பொருள் தருவது செம்மொழிச் சிலேடை. மாலை என்பது அந்திப் பொழுதையும் பூந்தொடையையும் குறிப்பது இதற்கு எளிய எடுத்துக்காட்டு. சொல்லைப் பிரித்தால் மற்றொரு பொருள் தோன்றுவது பிரிமொழிச் சிலேடை. பலகை என்பது ஒரு மரத்துண்டு. அதையே 'பல கை' என்று பிரித்தால் கைகள் பல என்றாகின்றது. 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நன்னூல் செய்த பவணந்தி முனிவரோ, இரட்டுற மொழிதலை நூலாசிரியர் கையாளும் உத்திகள் முப்பத்திரண்டனுள் ஒன்றாகவே வைத்துவிட்டார். விளையாட்டு எனப் பலர் ஒதுக்கும் ஒன்றை நூல் யாப்பதற்குரிய கருவியாக நம் இலக்கணம் ஏற்றிருப்பது கருதத்தக்கது.

சிலேடையின் உறவினர் பலர். ஒரே எழுத்தொடர் மீண்டும் மீண்டும் வந்து வெவ்வேறு பொருள் தருவது மடக்கு. இதழ் குவியாமலும் ஒட்டாமலும் பாடுவது நிரோட்டகம். முன்னிருந்து படித்தாலும் பின்னிருந்து படித்தாலும் ஒன்றாகவே வருவது மாலைமாற்று. இம் மாலைமாற்றில் ஒரு பதிகத்தையே 7ஆம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் பாடியிருக்கின்றார். அரசவையில் நகைக்கப் பேசும் புலவனை விகடகவி என்பர். அச்சொல்லே இரு புறமிருந்தும் ஒன்றாகப் படிக்கப்படுவதைச் சிறுவர்களுக்குக் கரும்பலகையில் எழுதிக் காட்டினால் அவர்கள் எளிதில் மறக்கமாட்டார்கள்.

கதையும் வரலாறும்

சிலேடை என்றவுடன் தமிழர் நினைவுக்கு வருபவர் காளமேகப் புலவர். திருவானைக்காவில் தேவியின் அருள்பெற்றுப் பாடத் தொடங்கினார் என்றும், திருமலைராயன் அவைக்குச் சென்று அதிமதுர கவிராயரையும் அவரைச் சூழ்ந்திருந்த அறுபத்து நான்கு தண்டிகைப் புலவர்களையும் வென்றார் என்றும் வழிவழியாகக் கூறுவர். அவ்வவையில் அவர் எமகண்டம் பாடினாராம். கீழே எண்ணெய்க் கொப்பரை கொதிக்க, மேலே தொங்கும் உறியில் அமர்ந்து, பிறர் கொடுத்த ஈற்றடிக்கெல்லாம் உடனுக்குடன் பாட வேண்டுமாம். இறுதியில் புலவரின் சாபத்தால் மண்மாரி பெய்து ஊர் அழிந்ததாகக் கதை முடிகின்றது. ஆனால் திருமலைராயன்பட்டினம் காரைக்காலுக்கு அருகே இன்றும் நல்ல நிலையிலேயே இருக்கின்றது!

இவற்றுள் வரலாறு எவ்வளவு? 15ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் சோழநாட்டுப் பகுதியில் அதிகாரம் செலுத்திய சாளுவத் திருமலை தேவ மகாராசரின் பெயர் கல்வெட்டுகளில் காணப்படுகின்றது. அவரே கதையில் வரும் திருமலைராயன் என்று ஆராய்ச்சியாளர் கொள்வர். அதனால் காளமேகத்தின் காலமும் 15ஆம் நூற்றாண்டு எனப்படுகின்றது. திருவானைக்கா உலா அவர் இயற்றிய நூல். இவ்வளவிற்கு ஓரளவு உறுதியாக நிற்கலாம். கொப்பரையும் மண்மாரியும் கதையே.

அதனினும் பெரிய இடர் ஒன்று உண்டு. நல்ல சிலேடை எங்குக் கிடைத்தாலும் அதனைக் காளமேகத்தின் தலையில் ஏற்றிவிடும் வழக்கம் நம்மிடையே இருந்துவந்தது. நகைப்பாட்டிற்கு ஒரு காளமேகம், நீதிப்பாட்டிற்கு ஓர் ஔவையார் என்று மக்கள் வைத்துக்கொண்டனர். ஒட்டக்கூத்தர் விக்கிரம சோழன், இரண்டாம் குலோத்துங்கன், இரண்டாம் இராசராசன் ஆகியோர் காலத்தவர். அஃதாவது 12ஆம் நூற்றாண்டினர். புகழேந்தியாரைப் பிற்பட்டவராகக் கருதுவோர் உளர். எனினும் இருவரும் ஒரே அவையில் மோதிக்கொண்டதாகக் கதைகள் பல. அவற்றை அப்படியே வரலாறு என்று மாணவர்க்குக் கற்பிப்பது பிழை. அவை வெறுங்கதை என்று தள்ளி, அவற்றோடு பாடல்களையும் தள்ளிவிடுவதும் பிழையே. பாடியவர் யார் என்பதில் ஐயம் இருக்கலாம். பாட்டில் உள்ள சொல் வழங்கிற்று என்பதில் ஐயம் இருக்க முடியாது. அது வழங்காதிருந்தால் எவரும் சிரித்திருக்கமாட்டார்.

நஞ்சும் வாழைப்பழமும்

காளமேகத்தின் பெயரால் வழங்கும் பாடல்களுள் பாம்பையும் வாழைப்பழத்தையும் ஒப்பிடும் வெண்பா பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரிந்தது. பாம்புக்கும் பழத்திற்கும் என்ன ஒற்றுமை? தோலைச் சொல்லிப் புலவர் ஒரு நயம் காட்டுகின்றார். பாம்பு தன் தோலை உரிக்கும், பழத்தின் தோலை நாம் உரிப்போம். சிவபெருமான் முடியைச் சொல்லி மற்றொரு நயம் காட்டுகின்றார். பாம்பு அங்கே அணியாக இருக்கும், பழம் அங்கே திருமுழுக்காகச் சேரும். இவை எளியவை. ஆனால் பாட்டின் உயிர் 'நஞ்சு' என்னும் சொல்லில் இருக்கின்றது. பாம்பிடம் நஞ்சு உண்டு, அது தெளிவு. வாழைப்பழத்தில் நஞ்சு எப்படி வந்தது?

கனிந்த பழம் நைந்து இருக்கும். நைந்து என்பது பேச்சில் நைஞ்சு என்றும் நஞ்சு என்றும் ஆகும். ஐந்து என்பது அஞ்சு என்று ஆவதைப் போன்றதே இது. இலக்கணப் புலவர் எழுதும்போது நைந்து என்று எழுதுவார். அடுக்களையில் பேசும்போது நஞ்சு போச்சு என்பார். புலவர் அடுக்களைப் பேச்சை எடுத்து வெண்பாவில் வைத்துவிட்டார். அவையோர் சிரித்தனர். இதிலிருந்து நாம் அறிவது யாது? நைந்து என்பதை நஞ்சு என ஒலிக்கும் பேச்சு வழக்கு இப்பாடல் பிறந்த காலத்திலேயே நிலைபெற்றிருந்தது. அக்காலத்து மக்களின் குரலை நமக்குப் பதிவு செய்து வைத்த பொறி எதுவும் இல்லை. ஒரு வாழைப்பழப் பாட்டு அந்தக் குரலை நமக்குக் காத்துத் தந்திருக்கின்றது.

அதே பாட்டில் கொடிய கோபத்தைக் குறிக்கும் வெஞ்சினம் என்னும் சொல்லும், சோற்றோடு சேர்த்து உண்ணும் தொடுகறியைக் குறிக்கும் வெஞ்சனம் என்னும் சொல்லும் மோதுகின்றன. வெஞ்சனம் என்னும் சொல் தமிழகத்துச் சிற்றூர்களில் முதியோர் வாயில் இன்னும் உண்டு. அச்சொல்லை அறியாத மாணவனுக்கு இப்பாட்டில் பாம்பின் பாதி மட்டுமே விளங்கும். பழத்தின் பாதி விளங்காது.

யானையையும் வைக்கோலையும் இணைக்கும் பாட்டோ ஒரு வேளாண்மைப் பாடமே எனலாம். களம் என்பது போர்க்களமும் நெற்களமும் ஆகும். போர் என்பது சண்டையும் வைக்கோற் குவியலும் ஆகும். கோட்டை என்பது அரணும், வைக்கோற்புரியால் கட்டி நெல்லை வைக்கும் கட்டும் ஆகும். நெல்லைச் சீமையில் கோட்டை ஒரு நெல்லளவாகவும் வழங்கிற்று. இம்மூன்று சொற்களிலும் அரசனும் உழவனும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கின்றார்கள். பாட்டைக் கேட்டவருக்கு இரு உலகமும் தெரிந்திருந்தன. இன்று நகரத்துப் பிள்ளைக்குப் போர் என்றால் துப்பாக்கியே நினைவுக்கு வருகின்றது. வைக்கோற்போரைக் காணாத தலைமுறைக்கு இச்சிலேடை பாதி இறந்துவிட்டது.

இரட்டையர் என்னும் புலவர் இருவரைப் பற்றியும் இத்தகைய கதை உண்டு. ஒருவருக்குக் கண் இல்லை; மற்றவருக்குக் கால் இல்லை. ஒருவர் பாதி பாட, மற்றவர் மீதியை முடிப்பாராம். மதுரைப் பொற்றாமரைக் குளத்தில் துணி துவைக்கும்போது அது நீரோடு போய்விட, கலிங்கம் போனால் போகட்டும், சொக்கலிங்கம் துணையிருக்கின்றான் என்னும் கருத்தில் பாடி முடித்தனர் என்பர். கலிங்கம் என்றால் துணி. கலிங்க நாட்டிலிருந்து வந்த ஆடைக்கு நாட்டின் பெயரே ஆகி, பின் ஆடைக்கெல்லாம் பொதுப்பெயராயிற்று என்று அறிஞர் கூறுவர். பழங்காலத்துத் துணி வாணிகத்தின் வரலாறே ஒரு சொல்லுக்குள் மடிந்து கிடக்கின்றது. அச்சொல் இன்று பேச்சிலிருந்து மறைந்துவிட்டது. குளக்கரைச் சிரிப்பு அதனை நினைவூட்டிக்கொண்டிருக்கின்றது.

இம்முறை தமிழுக்கு மட்டும் உரியதன்று. ஆங்கில நாடக ஆசிரியர் சேக்சுபியரின் நாடகங்களில், இன்று படிப்போருக்குச் சிரிப்பு வராத இடங்கள் பல உள. காரணம் என்னும் பொருளுடைய சொல்லும், உலர்ந்த திராட்சை என்னும் பொருளுடைய சொல்லும் அவர் காலத்தில் ஏறத்தாழ ஒரே ஒலியுடன் வழங்கின. அவற்றை வைத்து அவர் சிலேடை செய்தார். பின்னர் ஒலி மாறிற்று, சிலேடை மறைந்தது. மறைந்த அச்சிலேடைகளைத் தேடியெடுத்தே அக்காலத்து ஆங்கில உச்சரிப்பை அறிஞர்கள் ஓரளவு மீட்டனர். நம் தனிப்பாடல்களையும் அம்முறையில் ஆராய்ந்தால் தமிழ்ப் பேச்சின் வரலாற்றுக்குப் பயன் மிகும்.

நாகையும் கடாரமும்

நாகப்பட்டினத்துச் சத்திரம் ஒன்றில் காளமேகம் பசியோடு காத்திருந்த கதை பலரும் அறிந்தது. உணவு வரத் தாமதமாயிற்று. இங்கே அரிசி வந்து சேரும்போதே பொழுது சாய்ந்துவிடும், அதைக் குத்தி முடிக்கும்போது ஊர் அடங்கிவிடும், ஓர் அகப்பைச் சோறு இலையில் விழும்போது விடிவெள்ளி தோன்றிவிடும் என்னும் கருத்துப்பட அவர் பாடினாராம். சத்திரத்துத் தலைவனான காத்தான் வருந்தி வேண்ட, அதே பாட்டுக்குப் புகழ்ப்பொருள் சொன்னாராம். ஊர் அடங்குவது என்றால் ஊரார் உறங்குவது என்றும் கொள்ளலாம். ஊராரின் பசி அடங்குவது என்றும் கொள்ளலாம். வெள்ளி என்பது விண்மீனும் ஆகும். சோற்றின் வெண்மையும் ஆகும். ஒரு சொல்லையும் மாற்றாமல் வசை வாழ்த்தாயிற்று.

மலாயாத் தமிழருக்கு இந்த நாகையோடு தனி உறவு உண்டு. கடாரத்து அரசன் பெயரால் சூடாமணி விகாரம் எழுந்ததும், இராசராசன் அதற்கு ஆனைமங்கலம் என்னும் ஊரை வழங்கியதும் நாகையிலேயே. ஆனைமங்கலச் செப்பேடுகள் இதனைக் கூறும். பல நூற்றாண்டுகளுக்குப் பின்னர், ஒப்பந்தக் கூலிகளாகவும் கங்காணிகள் அழைத்துவந்த தொழிலாளர்களாகவும் ஆயிரமாயிரம் தமிழர் கப்பலேறிப் பினாங்கில் வந்து இறங்கியதும் அதே நாகையிலிருந்துதான். ஒப்பந்த முறை 1910இல் முடிவுற்றது. கங்காணி முறை 1938இல் நின்றது. வந்தவர்கள் கையில் பெரும்பாலும் நூல் இல்லை; வாயில் விடுகதையும் பழமொழியும் நையாண்டியும் இருந்தன.

ஏட்டிலிருந்து அச்சுக்கு

இத்தனிப்பாடல்கள் நெடுங்காலம் மனப்பாடமாகவே வாழ்ந்தன. ஏட்டில் எழுதியோரும் புள்ளியிடாமல் எழுதுவர். எகர ஏகாரங்களுக்கும் ஒகர ஓகாரங்களுக்கும் எழுத்தில் வேறுபாடு இல்லை. கொடை என்றும் கோடை என்றும் ஒரே வடிவத்தைப் படிக்கலாம். படிப்பவரே இடம் நோக்கிப் பொருளைத் தேர்ந்துகொள்ள வேண்டும். எனவே பழங்காலத்துப் படிப்பாளிக்கு ஏடு படிப்பதே ஒரு சிலேடைப் பயிற்சியாக இருந்தது எனலாம். இவ்வெழுத்துகளை வேறுபடுத்தி எழுதும் முறையை 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் ஏற்படுத்தினார் என்பர். அவரே எழுதிய பரமார்த்த குருவின் கதை நகைச்சுவை உரைநடைக்கு முன்னோடியாக விளங்கியது. அது 1822இல் இலண்டனில் அச்சாயிற்று.

தனிப்பாடல்களைத் தேடித் தொகுக்கும் முயற்சி 19ஆம் நூற்றாண்டில் நிகழ்ந்தது. இராமநாதபுரம் பொன்னுசாமித் தேவரின் ஆதரவில் தில்லையம்பூர்ச் சந்திரசேகர கவிராச பண்டிதர் தொகுத்த தனிப்பாடற்றிரட்டு 1860களில் வெளிவந்தது. 1876இல் அட்டாவதானம் வீராசாமிச் செட்டியாரின் விநோதரச மஞ்சரி வெளிவந்து, புலவர் கதைகளை வீடுதோறும் கொண்டுசேர்த்தது. கதைகள் இன்று நமக்குத் தெரிந்த வடிவத்தைப் பெரும்பாலும் இந்நூற்றாண்டிலேயே பெற்றன. இதனை மனத்திற்கொண்டால் 15ஆம் நூற்றாண்டுப் புலவரைப் பற்றிய 19ஆம் நூற்றாண்டுக் கதையை எவ்வளவு நம்பலாம் என்பது தெளிவாகும். ஆனால், அவ்விருவரும் தொகுத்திராவிட்டால் நமக்குச் சிலேடைகளும் கிடைத்திரா.

தொகுத்தவை எல்லாம் போற்றத்தக்கவை அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். பொதுமகளிரைப் பனைமரத்தோடு இணைத்து இழித்துரைப்பவையும், சில வகுப்பாரை எள்ளுபவையும் அவற்றுள் உண்டு. அன்றைய அவை எதற்குச் சிரித்தது என்பதற்கு அவையும் சான்றே. அவற்றை மறைக்கவும் வேண்டா. மாணவர்க்கு நயம் என்று காட்டவும் வேண்டா.

20ஆம் நூற்றாண்டில் சிரிப்பு அவையை விட்டு இதழ்களுக்கும் மேடைக்கும் வந்தது. 1926இல் பூதூர் வைத்தியநாதையர் ஆனந்த விகடனைத் தொடங்கினார், 1928இல் எஸ். எஸ். வாசன் அதனை ஏற்றார். இதழின் பெயரிலேயே விகடம் இருந்தது. 1949இல் வெளிவந்த 'நல்லதம்பி' படத்தில் கலைவாணர் என். எஸ். கிருட்டிணன் கிந்தனார் கதையை நடத்திக் காட்டினார். நந்தனார் சரித்திரத்தில் முதலெழுத்தை மாற்றி, கல்வியைத் தேடிச் செல்லும் கிந்தனாரை அவர் படைத்தார். நந்தனார் கதையைக் கேட்டிருந்த மக்களுக்கே அப்பெயர் சிரிப்பைத் தந்தது. சிரிப்பின் ஊடே சிந்தனையும் வந்தது.

கலைமகள் ஆசிரியராக விளங்கிய கி. வா. ஜகந்நாதன் (1906–1988) பேச்சிடையே சிலேடை உதிர்ப்பதில் வல்லவர். வழியில் நின்றுவிட்ட காரை உடன் வந்தவர்கள் இறங்கித் தள்ளியபோது, தமக்கு வயதாகிவிட்டதால் தாம் 'தள்ளாதவன்' ஆகிவிட்டதாக அவர் கூறினார் என்பர். தள்ளாமை என்பது முதுமைத் தளர்ச்சி என்பதை அறியாதவருக்கு இதில் சிரிப்பு இல்லை. முதியோரைத் தள்ளாதவர் என்று சொல்லும் வழக்கும் இப்போது குறைந்து வருகின்றது.

தோட்டத்துச் சொற்கள்

இனி, கடாரம் என்று தொடங்கிய இடத்திற்கே திரும்பலாம். செர்டாங், கூலிம், சுங்கைப்பட்டாணி வட்டாரத்து ரப்பர்த் தோட்டங்களில் தமிழ் ஒரு தனி வளர்ச்சி பெற்றது. புதிய தொழிலுக்குப் புதிய சொற்கள் வேண்டியிருந்தன. நூலறிவு இல்லாத மக்களே அவற்றைப் படைத்துக்கொண்டனர். சிலவற்றை மலாய்மொழியிலிருந்தும் பிறமொழிகளிலிருந்தும் எடுத்து வாய்க்கேற்றபடி திருத்திக்கொண்டனர். அவ்வாறு வந்தவற்றுள் பல, தற்செயலாகவே பழந்தமிழ்ச் சொற்களோடு ஒலியால் ஒன்றி நின்றன.

பால் என்னும் ஒரு சொல்லையே பாருங்கள். தமிழகத்தில் பாலைக் கறப்பார்கள். தோட்டத்தில் பாலை வெட்டினார்கள். 'பால் வெட்டு' என்பது தமிழகத்திலிருந்து புதிதாக வந்தவருக்குப் புதிராகவே இருக்கும். அதே தோட்டத்துப் பள்ளியில் ஆசிரியர் அறத்துப்பால், பொருட்பால், காமத்துப்பால் என்று குறளின் பிரிவைக் கற்பித்தார். ஆண்பால், பெண்பால் என்று இலக்கணம் கற்பித்தார். விடியலில் பெற்றோர் வாளியில் சுமந்ததும் பால். முற்பகலில் பிள்ளைகள் ஏட்டில் எழுதியதும் பால். காளமேகம் இங்கு வந்திருந்தால் வெண்பாவுக்குப் பஞ்சமே இருந்திராது.

மரத்தில் கட்டிய மங்கு பாலைத் தாங்கும் கிண்ணம். மலாய்மொழியின் சொல் அது. தமிழில் மங்கு என்றால் ஒளி குறை என்று பொருள். தொழிலாளர் வரிசை வீடு லயம் எனப்பட்டது. அது ஆங்கிலச் சொல்லின் திரிபு. இசைவாணருக்கு லயம் தாளத்தோடு பொருந்தி நிற்பது. மலாய்ச் சிற்றூரைக் கம்பம் என்றனர். தமிழில் கம்பம் தூணும் ஆகும், நடுக்கமும் ஆகும். பெரிய சாலை சடக்கு எனப்பட்டது. சடக்கென்று என்றால் விரைவாக என்பது பொருள். மேற்பார்வையாளர் தண்டல், வரி வாங்குதலும் தண்டல். காலையில் ஆட்கள் கூடிப் பெயர் கொடுக்கும் பெரட்டுக் களத்தில், நெற்களத்தையும் போர்க்களத்தையும் விட்டு வந்த களம் என்னும் சொல் மூன்றாவது வாழ்வு பெற்றது.

இச்சொற்களின் இரு பொருளையும் ஒருங்கே அறிந்த தலைமுறை குறைந்து வருகின்றது. 1960கள் முதல் ரப்பர்க் காடுகள் பல செம்பனைக்கு மாறின. பல நிலங்கள் வீடமைப்புக்கும் தொழிற்சாலைக்கும் போயின. மக்கள் நகரங்களுக்குப் பெயர்ந்தனர். பால் மரமே காணாத பிள்ளைக்கு மங்கு என்பது அகராதியில் உள்ள ஒரு வினைச்சொல் மட்டுமே. வைக்கோற்போர் தமிழகத்து நகரப் பிள்ளைக்கு எப்படியோ, பெரட்டுக் களம் இந்நாட்டுப் பிள்ளைக்கு அப்படியே ஆகிவிடும். தமிழகத்து அகராதிகளில் தேடினால், இச்சொற்களின் தோட்டத்துப் பொருளைப் பெரும்பாலும் காண இயலாது.

தனிப்பாடல்களுக்கு ஒரு சந்திரசேகர கவிராச பண்டிதரும் ஒரு வீராசாமிச் செட்டியாரும் கிடைத்தனர். அவர்கள் ஊர் ஊராக வாய்களில் கிடந்தவற்றைச் சேர்த்தமையால், பல நூற்றாண்டுக்கு முன் ஒரு பழம் நைந்ததை மக்கள் எப்படிச் சொன்னார்கள் என்று இன்று நாம் அறிகின்றோம். தோட்டத்து விடுகதைகளுக்கும் நையாண்டிகளுக்கும் பட்டப்பெயர்களுக்கும் அத்தகைய தொகுப்பாளர் வேண்டும். அதற்குப் பெரும்பொருள் வேண்டா. பள்ளி மாணவர் ஒவ்வொருவரும் தத்தம் வீட்டுப் பாட்டன் பாட்டியிடம் கேட்டு, சொல்லையும், அதன் இரு பொருளையும், அதை வைத்துச் சொன்ன வேடிக்கையையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்தால் போதும். சொன்னவர் எந்தத் தோட்டத்தவர், எந்த ஆண்டு பிறந்தவர் என்பதையும் குறித்து வைத்தால் அது ஆராய்ச்சிக்குரிய ஆவணமாகும்.

முதியவர் ஒருவர் ஒரு வேடிக்கை சொல்லித் தாமே சிரித்துக்கொள்கின்றார். சுற்றியிருக்கும் இளையோர் விளங்காமல் பார்க்கின்றனர். இக்காட்சி எந்த வீட்டிலும் நிகழக்கூடியது. அங்கே ஒரு சொல்லின் பாதிப் பொருள் அவர் ஒருவரிடம் மட்டும் எஞ்சியிருக்கின்றது என்று அறிதல் வேண்டும். அவரிடம் 'என்ன பொருள், தாத்தா?' என்று கேட்டு எழுதி வைத்துக்கொள்வது தமிழாசிரியரும் மாணவரும் இன்றே செய்யத்தக்க தமிழ்ப்பணியாகும்.